48 குரல், 13 ஸ்வரம்: ‘ஐம் நாட் இன் லவ்’ பாட்டில் வரும் அந்த ‘ஆ…’வை வீட்டில் எப்படிக் கொண்டுவருவது?

மாடியறை_மைக் எழுதியது:

வணக்கம் நண்பர்களே. பதினைந்து நாளாக ஒரே இடத்தில் சிக்கி நிற்கிறேன். பழைய ரெக்கார்டிங் முறைகள் தெரிந்தவர்கள் இங்கே இருக்கிறார்கள் என்பதால் கேட்கிறேன்.

டென்சிசி என்ற இங்கிலாந்துக் குழு 1975-ல் வெளியிட்ட ‘ஐம் நாட் இன் லவ்’ பாட்டைப் பலர் கேட்டிருப்பீர்கள். பாட்டு முழுக்கப் பின்னால் ‘ஆ…’ என்று ஒரு பெருங்கூட்டம் பாடிக்கொண்டே இருக்கும். அது எங்கே ஆரம்பிக்கிறது, பாடுகிறவர்கள் எங்கே மூச்சு எடுக்கிறார்கள் என்று எதுவுமே தெரியாது. அது கீபோர்டு இல்லை, மனிதக் குரல்தான் என்று படித்ததிலிருந்து எனக்குத் தூக்கம் போய்விட்டது. நண்பர்கள் சேர்ந்து ஒரு பாட்டு செய்கிறோம், அதில் ஒரே ஓர் இடத்தில் இந்த மாதிரி ஒன்று வேண்டும்.

நான் செய்தது இதுதான். லேப்டாப், ஒரு கண்டென்சர் மைக். 12 ஸ்வரத்தையும் நானே ‘ஆ’ என்று நீட்டிப் பாடினேன், ஒவ்வொன்றையும் மூன்று தடவை. பிட்ச் கரெக்‌ஷன் போட்டு எல்லாவற்றின் சுருதியையும் நேராக்கினேன். அப்புறம் அந்த மூன்றையும் காப்பி செய்து காப்பி செய்து 48 டிராக் (தனித்தனி ஒலி வரிசை) ஆக்கினேன். சாம்பிளரில் (பதிந்த ஒலியைக் கட்டைகளில் வாசிக்க வைப்பது) ஏற்றி கீபோர்டில் கார்டு (பல ஸ்வரங்களைச் சேர்த்து) வாசித்துப் பார்த்தால் மலிவான ஆர்கன் மாதிரி கேட்கிறது. ரீவெர்ப் (எதிரொலி) கூட்டினால் தூரத்தில் இருக்கும் மலிவான ஆர்கன், அவ்வளவுதான் வித்தியாசம். கார்டு மாறுகிற இடமெல்லாம் கத்தரித்து ஒட்டியது போல இருக்கிறது.

அவர்கள் உண்மையில் என்ன செய்தார்கள், என்னிடம் எது குறைகிறது? ஆப் பெயர் எதுவும் வேண்டாம், முறை தெரிந்தால் போதும்.

---

ஸ்டாக்போர்ட்_ரசிகன் எழுதியது:

இந்தப் பாட்டைப் பற்றி யாராவது கேட்க மாட்டார்களா என்று இருந்தவன் நான். அதனால் கொஞ்சம் நீளமாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பாதிக் காரணம் அங்கேதான் இருக்கிறது. மான்செஸ்டருக்குப் பக்கத்தில் ஸ்டாக்போர்ட் என்று ஓர் ஊர். அங்கே வாட்டர்லூ ரோட்டில் ஸ்ட்ராபெரி ஸ்டூடியோஸ் இருந்தது. குழுவின் எரிக் ஸ்டூவர்ட் அதில் பங்குதாரராக இருந்தார், கிரஹாம் கோல்ட்மேனும் பணம் போட்டிருந்தார். ஒலிப்பதிவுக்கு இன்ஜினியராக உட்கார்ந்ததும் ஸ்டூவர்ட்தான். மணிக்கு இவ்வளவு என்று வாடகை ஏறிக்கொண்டிருக்கும் வெளி ஸ்டூடியோவில், வேலைக்கு ஆகுமா ஆகாதா என்று தெரியாத ஒரு யோசனைக்கு மூன்று வாரம் செலவழிக்க எந்தக் கம்பெனி விடும்? இவர்களுக்குச் சொந்தக் கூரை இருந்தது. இந்த ஆட்களுக்குப் பழக்கமும் அப்படித்தான். 1970-ல் ஸ்டூவர்ட்டும், குழுவின் மற்ற இரண்டு பேரான கெவின் காட்லி, லால் க்ரீமுமாக மூன்று பேரும் ஹாட்லெக்ஸ் என்ற பெயரில் ஒரு பாட்டு விட்டு, அது இங்கிலாந்தில் இரண்டாம் இடம் வரை போனது. அது டிரம் ஒலியைச் சோதித்துப் பார்ப்பதற்காகச் செய்த பதிவிலிருந்து வளர்ந்த பாட்டு.

பாட்டு பிறந்த கதை ஒரு வீட்டுப் பேச்சு. ஸ்டூவர்ட்டுக்குக் கல்யாணமாகிச் சில வருஷம் ஆகியிருந்தது. “நீங்கள் ஏன் ஐ லவ் யூ என்று அடிக்கடி சொல்வதில்லை?” என்று மனைவி கேட்டிருக்கிறார். சொல்லிக்கொண்டே இருந்தால் அந்த வார்த்தைக்கு மதிப்பு போய்விடும் என்பது இவர் எண்ணம். சொல்லாமல் எப்படிச் சொல்வது என்று யோசித்து, “எனக்கு ஒன்றும் காதல் இல்லை” என்று தொடங்கி, வரிக்கு வரி அது பொய் என்று தெரிகிற மாதிரி எழுத ஆரம்பித்தார். கோல்ட்மேன் கூட உட்கார்ந்து சேர்ந்து முடித்தார். கோல்ட்மேன் சாதாரண ஆள் இல்லை. அறுபதுகளிலேயே யார்ட்பேர்ட்ஸ், ஹாலீஸ் குழுக்களுக்கு ஹிட் பாட்டு எழுதிக் கொடுத்தவர்.

இப்போது முக்கியமான இடம். இரண்டு பேரும் முதலில் இதை போஸா நோவாவாகத்தான் செய்தார்கள், பிரேசில் பாணியில், கிடார் தாளத்தோடு. முழுதாகப் பதிவும் செய்துவிட்டார்கள். காட்லிக்கு அது அறவே பிடிக்கவில்லை, முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார். க்ரீமுக்கும் பிடிக்கவில்லை. அந்தப் பதிவைத் தூக்கி வைக்கக்கூட இல்லை, அழித்தே விட்டார்கள். இன்று அதைக் கேட்க வழியில்லை.

ஆனால் பாட்டு போகவில்லை. அலுவலகப் பெண் அதை முணுமுணுத்துக்கொண்டு வேலை பார்க்கிறார், ஜன்னல் துடைக்க வந்தவர் விசிலடிக்கிறார் என்று ஸ்டூவர்ட் கவனித்திருக்கிறார். திரும்ப நாலு பேரும் உட்கார்ந்தபோது, வேண்டாம் என்று சொன்ன அதே காட்லிதான் வழி சொன்னார்: இதுவரை யாரும் செய்யாத மாதிரி செய்வோம், வாத்தியத்தை விட்டுவிட்டு முழுக்கக் குரலிலேயே செய்வோம். அத்தனை பேருக்கு எங்கே போவது என்று ஸ்டூவர்ட் கேட்க, டேப்பை வளையமாக்கி ஓடவிடுகிற டேப் லூப் போட்டுவிடலாம் என்றார் க்ரீம்.

காட்லி, க்ரீம், கோல்ட்மேன் மூன்று பேரும் ஒரே ஸ்வரத்தில் ‘ஆ’ பாடினார்கள், 16 தடவை. மூன்று பேர், 16 தடவை, ஆக ஒரு ஸ்வரத்துக்கு 48 குரல். இப்படி 13 ஸ்வரம். பெருக்கிப் பாருங்கள், 624 வருகிறது. நீங்கள் கேட்கிற கூட்டம் அதுதான். இந்தக் குரல் வேலை மட்டும் மூன்று வாரம் ஓடியது.

லூப் எப்படிச் செய்தார்கள் என்பதை டேப்போடு வேலை செய்தவர்கள் சொன்னால் நன்றாக இருக்கும். நான் கேட்கிறவன் மட்டும்தான்.

---

ஸ்பூல்_அறை எழுதியது:

தம்பி, எண்பதுகளில் சென்னையில் ஒரு ஸ்டூடியோவில் உதவியாளனாக எட்டு வருஷம் டேப் வெட்டி ஒட்டியவன் நான். அதனால் இந்தப் பகுதியை நான் எடுத்துக்கொள்கிறேன்.

அந்தக் காலத்தில் குரலைத் தொடர்ந்து நிறுத்தி வைக்க மெலட்ரான் என்று ஒரு கீபோர்டு இருந்தது. ஒவ்வொரு கட்டைக்கும் அடியில் ஒரு டேப் துண்டு, கட்டையை அழுத்தினால் அந்தத் துண்டு ஓடும். சுமார் எட்டு வினாடியில் தீர்ந்துவிடும், விரலை எடுத்துத் திரும்ப அழுத்த வேண்டும். இந்தப் பாட்டுக்கு வேண்டியது ஆறு நிமிஷத்துக்கு நிற்காத குரல். அதனால்தான் லூப்.

ஒரு ஸ்வரத்துக்கான 16 பதிவையும் கலந்து ஸ்டீரியோ டேப்பில் எடுத்துக்கொள்கிறார்கள். அதில் குரல் ஒரே சீராக நிற்கிற பகுதியை வெட்டி, தலையையும் வாலையும் சேர்த்து ஒட்டினால் வளையம் ஆகிவிடும். இதை மெஷினில் ஓடவிட்டால் முடிவே இல்லாமல் ‘ஆ’ வந்துகொண்டிருக்கும். கேட்க எளிதாக இருக்கிறது, ஆனால் ஒட்டுப் போட்ட இடம் டேப்பைப் படிக்கிற ஹெட்டைத் தாண்டும்போது ஒரு சின்ன ‘டப்’ வரும். சரிவாகத்தான் பிளேடு வைப்போம், நேராக வெட்டினால் இன்னும் மோசம், இருந்தாலும் அது முழுதாகப் போகாது. ஒரு முழம் டேப்பில் வளையம் செய்தால் வினாடிக்கு வினாடி அந்த ‘டப்’ கேட்டுக்கொண்டே இருக்கும். அதைக் குறைக்க ஒரே வழி வளையத்தை நீளமாக்குவது. அவர்கள் சுமார் 12 அடிக்கு ஆக்கினார்கள். வினாடிக்கு 15 அங்குலம் ஓடும் மெஷின் என்று வைத்துக் கணக்குப் போட்டால் ஒரு சுற்றுக்கு ஒன்பதரை வினாடி ஆகும். அந்த ‘டப்’ அவ்வளவு அபூர்வமாக வந்தால் 48 குரலுக்குள் கரைந்து போகும்.

12 அடி டேப்பை மெஷினில் எங்கே வைப்பது? அது மெஷினை விட்டு வெளியே வந்து, அறைக்குள் நிறுத்திய ஒரு மைக் ஸ்டாண்டைச் சுற்றிக்கொண்டு திரும்ப ஸ்டூடர் டேப் மெஷினுக்குள் போனது. ஸ்டாண்டில் ஒரு சின்ன உருளை, அது மெஷின் ஹெட்டுக்கு நேர்க்கோட்டில் இருக்க வேண்டும். கொஞ்சம் மேலே கீழே இருந்தாலும் டேப் மடங்கும், சுருதி ஆடும். பழைய மில்லில் பெல்ட் ஓடுமே, அது மாதிரிதான் ஸ்டூவர்ட்டும் அதை வர்ணித்திருக்கிறார். நாங்களும் ஒரு பின்னணி இசைக்காக மழைச் சத்தத்தை இப்படி வளையமாக்கி, ஒரு பையன் பென்சிலை நீட்டிப் பிடித்துக்கொண்டு நிற்க, அதில் டேப் சுற்றி வர ஓடவிட்டிருக்கிறோம். பத்து நிமிஷம் கை ஆடாமல் நிற்க வேண்டும். அதற்கே எங்களுக்கு வியர்த்துவிட்டது. இவர்கள் அதை 13 தடவை செய்து, ஒவ்வொரு வளையத்தையும் பாட்டு நீளத்துக்கு ஓடவிட்டு, 16 டிராக் டேப்பில் ஸ்வரத்துக்கு ஒரு டிராக்காகப் பதிந்தார்கள்.

இனி சொல்வதுதான் உங்கள் கேள்விக்குப் பதில் தம்பி, நிதானமாகப் படியுங்கள்.

13 டிராக்கிலும் 13 ஸ்வரம் நிற்காமல் பாடிக்கொண்டிருக்கிறது. ஒலியைக் கலக்கிற மேசையான கன்சோலில் 13 ஃபேடர், அதாவது ஒலி அளவைக் கூட்டிக் குறைக்கிற தள்ளு பொத்தான். எந்த ஃபேடரை ஏற்றுகிறோமோ அந்த ஸ்வரம் வரும், மூன்று நான்கை ஏற்றினால் கார்டு. அதாவது கன்சோலே வாத்தியம் ஆகிவிட்டது. குழுவினர் ஆளுக்குச் சில ஃபேடர்களைப் பிடித்துக்கொண்டு, பாட்டு ஓட ஓட, கார்டு மாறுகிற இடத்தில் ஒன்றை இறக்கி ஒன்றை ஏற்றி, கையாலேயே வாசித்தார்கள். அதை இரண்டு டிராக்குக்குக் கலந்து இறக்கினார்கள்.

கை என்பதைக் கவனியுங்கள். ஒருவர் கொஞ்சம் முன்னால் ஏற்றுவார், இன்னொருவர் அரை வினாடி தாமதமாக இறக்குவார். போகிற ஸ்வரமும் வருகிற ஸ்வரமும் கொஞ்ச நேரம் சேர்ந்தே இருக்கும். நீங்கள் கீபோர்டில் வாசிக்கும்போது கட்டை மேலே வந்ததும் ஸ்வரம் செத்துப்போகிறது, அடுத்த கட்டை விழுந்ததும் அடுத்தது பிறக்கிறது. கத்தரித்து ஒட்டியது போல இருக்கிறது என்றீர்களே, அது இதனால்தான்.

இன்னொன்றும் உண்டு, பலர் தவறவிடுவது. ஃபேடர்களின் அடிப்பக்கம் துணி டேப் ஒட்டிவிட்டார்கள், எந்த ஃபேடரும் முழுதாகக் கீழே இறங்கக் கூடாது என்பதற்காக. ஆகவே எந்த கார்டு வந்தாலும் மீதி ஸ்வரங்கள் அத்தனையும் மெல்லிசாக அடியில் ஓடிக்கொண்டேதான் இருக்கின்றன. நல்ல ஹெட்ஃபோனில் இரவு நேரத்தில் கேளுங்கள், கார்டுக்கு அடியில் ஒரு மங்கலான இரைச்சல் மூச்சு மாதிரி இருக்கும். உங்கள் லேப்டாப்பில் சும்மா இருக்கும் ஸ்வரம் சுத்தமான பூஜ்யம். அவர்கள் பதிவில் பூஜ்யமே கிடையாது.

---

வரிதான்_உயிர் எழுதியது:

மேலே இரண்டு பேர் எழுதியதும் அருமை, ஆனால் ஒன்றில் நான் மாறுபடுகிறேன். எல்லோரும் டேப், ஃபேடர் என்று பேசுவதைப் பார்த்தால் அந்தத் தொழில்நுட்பம்தான் பாட்டைத் தூக்கி நிறுத்தியது போல ஆகிவிடுகிறது. போஸா நோவாவில் இருந்தபோதே ஜன்னல் துடைக்கிறவர் அதை விசிலடித்தார் என்று ஸ்டாக்போர்ட்_ரசிகனே எழுதியிருக்கிறார். அப்படியானால் மெட்டும் வரியும் ஏற்கெனவே ஜெயித்துவிட்டன என்றுதானே அர்த்தம்?

அந்த வரிகளைக் கொஞ்சம் பாருங்கள். உன் படத்தைச் சுவரில் மாட்டியிருப்பது உன் நினைவுக்காக இல்லை, சுவரில் ஒரு கறை இருக்கிறது, அதை மறைக்கத்தான் என்கிறான். ஸ்டூவர்ட் இளைஞனாக இருந்தபோது பெற்றோர் வீட்டில் தன் அறைச் சுவரில் இருந்த விரிசலை மறைக்க உண்மையிலேயே ஒரு பெண்ணின் படத்தை மாட்டியிருந்தாராம். பிறகு அவரைத்தான் கல்யாணம் செய்துகொண்டார். எவ்வளவு சின்ன விஷயம், ஆனால் இதை எழுத யாருக்குத் தோன்றும்! நம் ஊரில் ஒரு பையன் “சும்மா இந்தப் பக்கம் ஒரு வேலையாக வந்தேன்” என்று அவள் தெருவில் தினம் சைக்கிளில் போவானே, அதே பொய்தான். கேட்கிற நமக்கு முதல் வரியிலேயே தெரிந்துவிடுகிறது, அவனுக்கு மட்டும் கடைசி வரை தெரியவில்லை.

எனக்கு இந்தப் பாட்டு என் அண்ணன் கேசட்டிலிருந்து கிடைத்தது. வெற்று கேசட் கொடுத்தால் கேட்கிற பாட்டை ஏற்றித் தருகிற கடை எங்கள் ஊர் பஸ் நிலையத்துக்கு எதிரில் இருந்தது. அண்ணன் எழுதிக் கொடுத்த பத்துப் பாட்டில் இது கடைசி, கேசட் தீர்ந்துபோய்ப் பாதியில் நின்றுவிடும். அந்த அரைப் பாட்டை வைத்துக்கொண்டே ஐந்து வருஷம் அழுதிருக்கிறேன். அந்த கேசட்டில் 624 குரலும் இல்லை, மூச்சு இரைச்சலும் இல்லை, பத்து தடவை காப்பி ஆன கொரகொரப்புதான் இருந்தது. ஆனாலும் பாட்டு என்னை வந்து சேர்ந்தது.

அதனால் மாடியறை_மைக், உங்கள் பாட்டில் அந்த ‘ஆ’ எதற்காக வருகிறது என்று முதலில் யோசியுங்கள்.

---

ஸ்டாக்போர்ட்_ரசிகன் எழுதியது:

வரிதான்_உயிர், உங்கள் அண்ணன் கேசட் கதையைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். ஆனாலும் முழுதாக ஒத்துக்கொள்ள முடியவில்லை.

விசிலடிக்கக்கூடிய மெட்டு இருந்தது, சரி. அதே மெட்டும் அதே வரியும் இருந்த பதிவைத்தான் குழுவில் இரண்டு பேர் தூக்கி எறிந்தார்கள். ஆடவைக்கிற தாளத்தில் ஒருவன் “எனக்குக் காதல் இல்லை” என்று பாடினால், சரி இல்லை போலிருக்கிறது என்று நாமும் நம்பிவிடுவோம். பின்னால் அந்தக் குரல்கள் வந்த பிறகுதான் அவன் சொல்வதை அவை மறுக்கின்றன. வாய் ஒன்று சொல்கிறது, நெஞ்சு வேறொன்று பாடிக்கொண்டிருக்கிறது. வரிக்கு எதிராக நிற்கிற அந்த ஒலி இல்லாவிட்டால் வரி பாதிதான்.

மற்ற வாத்தியங்களை எவ்வளவு குறைத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். ஸ்டூவர்ட்டின் ஃபெண்டர் ரோட்ஸ் பியானோ, கோல்ட்மேனின் கிடார், அப்புறம் ‘தும் தும்’ என்று ஒரு மெல்லிய அடி. அது டிரம் கிடையாது, மூக் சிந்தசைசரில் காட்லி செய்தது. நெஞ்சுத் துடிப்பு மாதிரி வேண்டும் என்றே அப்படி வைத்தார்கள். நடுவில் கோல்ட்மேனின் பேஸ் கிடார் தனியாகப் பாடும், கடைசியில் ஒரு பொம்மை இசைப்பெட்டி வரும். ஒன்றுமே முன்னால் வந்து நிற்காது.

நடுவில் ஒரு பெண் ரகசியம் போலக் கிசுகிசுப்பாரே, பெரிய பையன்கள் அழமாட்டார்கள் என்று? அந்த இடத்துக்கு ஏதோ ஒன்று குறைகிறது என்று தேடிக்கொண்டிருந்தபோது, ஸ்டூடியோவில் வேலை பார்த்த பெண் கதவை மெல்லத் திறந்து, ஸ்டூவர்ட்டுக்கு ஃபோன் வந்திருக்கிறது என்று ரகசியக் குரலில் சொல்லியிருக்கிறார். க்ரீம் உடனே, இதோ இந்தக் குரல்தான் என்றாராம். அந்தப் பெண்ணுக்குப் பாடத் தெரியாது என்று தயக்கம், பாட வேண்டாம், இப்போது பேசிய மாதிரியே பேசு என்று மைக் முன்னால் உட்கார வைத்துவிட்டார்கள். எனக்கு இந்தப் பாட்டில் மிகப் பிடித்த இடம் அதுதான். திட்டம் போட்டு மூன்று வாரம் உழைத்த 624 குரலுக்கு நடுவில், ஃபோன் வந்ததால் கிடைத்த ஒரு குரல்.

---

சுருதிப்பெட்டி எழுதியது:

பாட்டு சொல்லிக்கொடுப்பவள் நான், ரெக்கார்டிங் அவ்வளவாகத் தெரியாது. ஆனால் மாடியறை_மைக் எழுதியதில் குரல் பக்கமாக இரண்டு தவறு என் கண்ணில் படுகிறது, அதைச் சொல்லிவிடுகிறேன்.

முதலாவது, காப்பி. ஒரே பதிவை இன்னொரு டிராக்கில் அப்படியே வைத்தால் இரண்டு பேர் பாடுவது போல ஆகாது, அதே ஆள் 6 டெசிபல் சத்தமாகப் பாடுவது போலத்தான் ஆகும். நீங்கள் 48 டிராக் வைத்திருந்தாலும் உங்களிடம் இருப்பது மூன்றே குரல். அவர்கள் 16 தடவையும் புதிதாகப் பாடினார்கள். மூன்று வெவ்வேறு தொண்டை, 16 வெவ்வேறு மூச்சு.

இரண்டாவது, பிட்ச் கரெக்‌ஷன். தம்புரா சுருதி சேர்க்கும்போது கவனித்திருப்பீர்கள், இரண்டு தந்தி கிட்டத்தட்ட சேர்ந்து முழுதாகச் சேராமல் இருக்கும் நிலையில் ஒலி அலை அலையாக வரும். ஒன்று 220 ஹெர்ட்ஸ், மற்றது 221 என்றால் வினாடிக்கு ஓர் அலை. சேரச் சேர அலை மெதுவாகி நின்றுவிடும். 48 குரல் ஒவ்வொன்றும் மயிரிழை விலகி நின்றால் இப்படி எத்தனை அலைகள் ஒன்றின் மேல் ஒன்று ஏறும் என்று நினைத்துப் பாருங்கள். நீங்கள் கேட்டு மயங்குகிற அந்த மினுமினுப்பு அதிலிருந்துதான் வருகிறது. நீங்கள் எல்லாவற்றையும் ஒரே கோட்டில் நேராக்கி அத்தனை அலையையும் அணைத்துவிட்டீர்கள். சுருதி சுத்தமாகப் பாட முயலுங்கள், அதற்கு மேல் கருவியை வைத்துத் திருத்தாதீர்கள். கமகம் வேண்டாம், அசைவு வேண்டாம், நேராகப் பிடியுங்கள், அது போதும்.

ஸ்பூல்_அறை ஐயா எழுதிய அந்தத் துணி டேப் விஷயம் என்னைப் பிடித்துக்கொண்டது. நமக்கும் அடியில் நிற்காத ஒலி உண்டு, தம்புரா. ஆனால் அதில் ஸட்ஜமும் பஞ்சமமும்தான், பாடுகிறவருக்குத் தரை மாதிரி. இவர்கள் கீழ் ஸட்ஜத்திலிருந்து மேல் ஸட்ஜம் வரை 13-ஐயும் அடியில் ஓடவிட்டிருக்கிறார்கள். எங்கள் கணக்கில் அது சண்டை, இரண்டு ரிஷபமும் இரண்டு காந்தாரமும் இரண்டு மத்யமமும் ஒன்றாக ஒலிப்பது காதில் வைக்க முடியாதது. ஆனால் அந்த அளவுக்கு மெல்லிசாக வைத்தால் ஸ்வரம் என்றே தெரியாமல் காற்று மாதிரி ஆகிவிடுகிறது. நேற்று இரவு ஹெட்ஃபோன் போட்டு மூன்று தடவை கேட்டேன். உண்மைதான், இருக்கிறது. இத்தனை வருஷம் அதை டேப் இரைச்சல் என்று நினைத்திருந்தேன்.

---

ஸ்பூல்_அறை எழுதியது:

அம்மா, டேப் இரைச்சலும் அதில் சேர்ந்துதான் இருக்கிறது. இரண்டையும் பிரிக்க முடியாது. நீங்கள் கேட்டது சரிதான்.

தம்பிக்கு இன்னொரு குறிப்பு. சாம்பிளரை மூடி வையுங்கள். 13 டிராக்கிலும் ஸ்வரம் முழுப் பாட்டுக்கும் ஓடட்டும், நீங்கள் அளவை மட்டும் கூட்டிக் குறையுங்கள். சின்ன ஃபேடர் போர்டு கிடைத்தால் நல்லது. மவுஸால் ஒவ்வொரு டிராக்காக வரைந்தால் கை வராது.

---

ஸ்டாக்போர்ட்_ரசிகன் எழுதியது:

பிறகு என்ன ஆனது என்று ஒருவர் தனிச்செய்தியில் கேட்டார், இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஃபோனோகிராம் கம்பெனிக்காரர்கள் இந்தப் பாட்டைக் கேட்டுவிட்டுத்தான் பெரிய ஒப்பந்தத்துக்கு வந்தார்கள். ஆனாலும் ஆறு நிமிஷப் பாட்டை ரேடியோ போடாது என்று பயந்து, ஆல்பத்திலிருந்து வேறொரு பாட்டைத்தான் முதல் சிங்கிளாக (தனிப்பாட்டு வெளியீடாக) விட்டார்கள். இது மே 1975-ல் வந்தது. ஜூன் கடைசியில் இங்கிலாந்தில் முதலிடம், இரண்டு வாரம் அங்கேயே நின்றது. அமெரிக்காவில் மூன்று வாரம் இரண்டாம் இடம். அந்த மூன்று வாரமும் முதலிடத்தில் மூன்று வெவ்வேறு பாட்டுகள், நினைத்தால் இன்றும் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. 1976-ல் காட்லியும் க்ரீமும் பிரிந்து போனார்கள். மீதி இரண்டு பேர் 1978-ல் ஒரு ரெகே பாட்டில் முதலிடம் பிடித்தார்கள். கிரிக்கெட் பிடிக்காது, காதலிக்கிறேன் என்று வருமே, மேட்ச் ஒளிபரப்புகளில் கேட்டிருப்பீர்கள், அது இவர்களுடையதுதான்.

போஸா நோவாவை அழித்த காட்லியின் பிடிவாதத்தை நான் மிக மதிக்கிறேன். பிடிக்கவில்லை என்று சொல்ல ஆள் இருந்ததும், சொன்னவரே மாற்று வழியோடு வந்ததும் ஒரு குழுவுக்கு எவ்வளவு பெரிய பாக்கியம்.

---

மாடியறை_மைக் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி, குறிப்பாக ஸ்பூல்_அறை ஐயாவுக்கும் சுருதிப்பெட்டி அக்காவுக்கும். பத்து நாள் கழித்து எழுதுகிறேன், ஏனென்றால் செய்து பார்த்துவிட்டு எழுத வேண்டும் என்று இருந்தேன்.

பழைய பதிவு முழுவதையும் தூக்கிவிட்டேன். நான், என் நண்பன், அவன் தம்பி மூன்று பேர். ஒரு ஸ்வரத்துக்கு 16 தடவை பாடினோம், காப்பி இல்லை, திருத்தம் இல்லை. முதல் நாள் நாலு ஸ்வரம்தான் முடிந்தது, தொண்டை கட்டிவிட்டது. மேல் ஸட்ஜத்தில் நண்பனின் தம்பிக்கு மட்டும்தான் நேராக நின்றது, எங்கள் இருவருக்கும் ஆடியது. அந்த ஆட்டத்தை அப்படியே விட்டுவிட்டோம். 13-ம் முடிய ஆறு மாலை ஆனது. லூப்பைக் கம்ப்யூட்டரில்தான் செய்தேன், பத்து வினாடி நீளத்துக்கு.

வாடகைக்கு ஒரு மிக்ஸர் எடுத்து, 13 சானலிலும் அடியில் கறுப்புத் துணி டேப் ஒட்டினோம். நாலாவது கை தேவைப்பட்டது, என் தங்கையைக் கூப்பிட்டேன். கார்டு வரிசையைக் காகிதத்தில் எழுதிச் சுவரில் ஒட்டி, ஆளுக்கு மூன்று ஃபேடர், தங்கைக்கு மட்டும் நாலு. முதல் ஏழு தடவை யாராவது ஒருவர் தப்பு செய்தோம். எட்டாவது தடவை பாட்டு முடிந்து ஃபேடர்கள் எல்லாம் கீழே இறங்கி டேப்பில் முட்டி நின்றபோது, 13 ஸ்வரமும் அறைக்குள் மெல்லிசாக ஓடிக்கொண்டே இருந்தது. யாருக்கும் அதை நிறுத்த மனம் வரவில்லை. அம்மா கீழே இருந்து மாடி ஏறி வந்து, அது என்ன சத்தம், கோயிலிலிருந்து வருகிறதா என்று கேட்டார்கள்.

வரிதான்_உயிர் கேட்ட கேள்வியும் மனதில் இருந்தது. எங்கள் பாட்டில் அந்த ‘ஆ’வை நாலு இடத்தில் வைத்திருந்தோம். மூன்றை எடுத்துவிட்டோம். ஒருவன் வீட்டைக் காலி செய்து சாவியைக் கொடுக்கிற வரி ஒன்று வரும், அங்கே மட்டும் இருக்கிறது.

இறுதிக் கலவை அடுத்த வாரம். ஐயா, அந்த அடி இரைச்சலைப் பாட்டு தொடங்குவதற்கு முன்னாலேயே, முதல் வரிக்கு ஓர் ஐந்து வினாடி முன்பிருந்தே ஓடவிடலாமா, இல்லை அந்தச் சாவி வரியோடு சேர்ந்துதான் வர வேண்டுமா? இரண்டையும் செய்து வைத்திருக்கிறேன், வீட்டில் இரண்டு கட்சியாகப் பிரிந்து நிற்கிறோம்.